அதுக்கு முன்னம்

எங்கள் தீவில் பட்டப்பெயர் இல்லாமல் ஒருவரும் கட்டையில் போனதில்லை. பதிவுப் பெயரைச் சொல்லி ஆள் விசாரிக்கிற வெளியூரார், பஸ்ஸால் இறங்கிய இடத்திலேயே நின்று வெயிலில் காய வேண்டியதுதான். எனக்கும் ஒன்று இருந்தது. அதை இங்கே எழுதப் போவதில்லை. எப்படி வந்தது என்பதை மட்டும் போகிற போக்கில் உளறிவிடுவேன் என்று நினைக்கிறேன். என் வாய் அப்படி.

மிருக வைத்தியருக்கு ஊர் வைத்த பெயர் ‘அதுக்குமுன்னம்’. ஊர்காவற்றுறையில் அவருடைய கந்தோர். வேலணையிலிருந்து நெடுந்தீவு வரைக்கும் நோய்ப்பட்ட மாடு, ஆடு, கோழி எல்லாம் அவருடைய பொறுப்பு. எந்த வீட்டுப் படலையைத் திறந்தாலும் அவர் கேட்பது ஒரே கேள்வி.

“மாடு உதைக்குது ஐயா.”

“அதுக்கு முன்னம்?”

“அதுக்கு முன்னம் நல்ல மாடு.”

“நல்லது கெட்டது எனக்கு வேண்டாம். கால் தூக்கிறதுக்கு எப்பன் முன்னம் என்ன நடந்தது? அதைச் சொல்லும்.”

கள்ள மாடு, பிடிவாதக் கிடாய், விசர் நாய் என்று யாராவது தொடங்கினால் கையைக் காட்டி நிறுத்திவிடுவார். “உது நீங்கள் வைச்ச பேர். அது செய்தது என்ன?” இது எங்கள் ஆட்களுக்குப் பெரிய சங்கடம். ஏனென்றால் பைத்தியத்துக்கு நாங்கள் சொல்லுகிற ‘விசர்’ என்ற ஒரு சொல்லை எடுத்துவிட்டால் எங்களில் பாதிப் பேர் ஊமை. மழை பெய்யாவிட்டால் வானத்துக்கு விசர். பஸ் பிந்தினால் டிரைவருக்கு விசர். கூப்பனுக்குச் சீனி வராவிட்டால் சங்கக்கடை மனேச்சருக்கு விசர். அந்த மனேச்சர் நான்.

அவரிடம் பழைய மோட்டார் சைக்கிள் ஒன்று இருந்தது. அதை நாலு வளவுக்கு அப்பாலேயே நிறுத்தி, மிச்சத் தூரத்துக்கு உருட்டிக்கொண்டு வருவார். பெற்றோல் மிச்சம் பிடிக்கிறார் என்று ஊர் கதைத்தது. சத்தத்தோடு வந்தால் மாடு மருந்தையும் சத்தத்தையும் ஒன்றாக ஞாபகம் வைத்துக்கொள்ளும் என்று அவர் சொன்னதை ஒருவரும் நம்பவில்லை. பெற்றோல் கதைதான் நம்பக்கூடியதாக இருந்தது. வந்தவுடன் உள்ளே வரமாட்டார். வேலி ஓலைக்கு மேலால் எட்டிப் பார்த்தபடி நிற்பார். பிறகு நண்டு மாதிரிப் பக்கவாட்டில் நடந்து வருவார், மிருகத்தின் கண்ணைப் பார்க்காமல். பொம்பிளை பார்க்க வந்த மாப்பிள்ளை பொம்பிளையைத் தவிர மற்றதையெல்லாம் பார்ப்பானே, அந்த மாதிரி. கிட்ட வந்ததும் கைநிறைய வைக்கோலை எடுத்து உள்ளங்கையில் தேய்ப்பார், மருந்து மணம் போக.

என் மனைவி பரிமளத்துக்கு ஒருமுறை கையில் நகச்சுற்று வந்தது. மாடு கறக்கிற வேலை என் தலையில் விழுந்தது. முதல் நாள் காலையிலேயே மாடு செம்பை உதைத்தது. அடுத்த நாள் என்னை உதைத்தது. நாவூறு என்று முடிவெடுத்து, மூன்று சந்தி மண்ணும் செத்தல் மிளகாயும் எடுத்துக் கழித்தேன். மாடு மறுபடியும் உதைத்தது. டொக்டர் வந்தார், வேலிக்கு மேலால் பார்த்தார்.

“இப்ப கறவும் பாப்பம்.”

குந்தினேன். உதை விழுந்தது. அவர் சிரிக்கவில்லை, அதுதான் எனக்குக் கூடுதலாக நொந்தது.

“நீர் இடக்கையனோ?”

“ஓம்.”

“உம்மட வீட்டுக்காரி எந்தப் பக்கம் இருந்து கறக்கிறவ?”

யோசித்தேன். வலப் பக்கம். நான் என் கைக்கு வசதியாக இடப் பக்கம் குந்தியிருந்தேன். கன்று போட்ட நாள் தொடக்கம் மாட்டுக்கு அந்தப் பக்கம் ஆளே இருந்ததில்லை.

“மாட்டுக்கு ஒரு வருத்தமும் இல்லை. உம்மை மற்றப் பக்கம் இருத்தினால் சுகம் வரும்,” என்றார்.

குசினிக்குள்ளிருந்து பரிமளத்தின் குரல் வந்தது. “கலியாணம் கட்டின நாள் தொடக்கம் நானும் இதைத்தான் சொல்லுறன் டொக்டர். இந்த மனுசன் எதிலையும் பிழையான பக்கந்தான் இருக்கும்.”

போகும்போது அவர் இன்னொன்றும் சொல்லிவிட்டுப் போனார். மாட்டுக்கு மணம் பழகியிருக்கும். கொஞ்ச நாளைக்கு மனைவியின் பழைய சீலை ஒன்றைப் போர்த்துக்கொண்டு கறக்கச் சொன்னார். கறந்தேன். மாடு கல்லு மாதிரி நின்றது. பக்கத்து வளவில் கிடுகு பின்னிக்கொண்டிருந்த பெண்கள் வேலி ஓலையை விலக்கிப் பொட்டு வைத்துப் பார்த்தார்கள். எனக்குப் பட்டப்பெயர் வந்தது அந்தக் கிழமைதான். இதற்கு மேல் சொல்லமாட்டேன்.

நெடுந்தீவுக்கு ஒரே வள்ளத்தில் போனோம் ஒருமுறை. நான் அங்குள்ள சங்கத்தின் கணக்குப் பார்க்க, அவர் கம்பி கிழித்த காலோடு நிற்கிற ஒரு மட்டக்குதிரைக்கு மருந்து கட்ட. வள்ளம் அசைந்ததும் அவர் சத்தி எடுக்கத் தொடங்கினார். இறங்கும்வரை எடுத்தார். கடல் ஒத்துக்கொள்ளாத மனிதனைத் தீவுகளுக்கு அனுப்பிய புண்ணியவான் யார் என்று கேட்டேன். “நான்தான் கேட்டு வந்தனான்,” என்றார். மேலே கேட்கத் தோன்றவில்லை. மற்றவர்களுடைய முன்னத்தையெல்லாம் கிண்டுகிற அந்த மனிதருக்குத் தீவுக்கு வருவதற்கு முன்னம் என்ன இருந்தது என்று ஊரில் ஒருவருக்கும் தெரியாது. எவரும் கேட்டதுமில்லை. எதிர்க்கேள்விக்குப் பயம்.

குதிரையைச் சுற்றி நாலைந்து பேர் கயிறோடு தயாராக நின்றார்கள். விழுத்திக் கட்டலாம் என்றார்கள். அவர் அவர்களை எல்லாம் கல்மதிலுக்குப் பின்னால் போகச் சொன்னார். தான் மட்டும் வெட்டவெளியில், குதிரைக்கு முதுகைக் காட்டிக்கொண்டு, தரையில் இருந்து பேப்பர் வாசித்தார். வெயில் கொளுத்தியது. மதிலுக்குப் பின்னால் ஒருவர் முணுமுணுத்தார்: “அரசாங்கம் சம்பளம் குடுக்குது, இவர் குதிரைக்குப் பேப்பர் வாசிச்சுக் காட்டுறார்.” குதிரை ஓரடி வரும், நிற்கும். மற்றோரடி வரும். அவருடைய தோளுக்கு மூக்கு எட்டுகிற தூரம் வந்துவிட்டது. அந்த நேரம் பார்த்து நான் தும்மினேன். குதிரை தீவின் மற்றக் கரைக்குப் போய்விட்டது.

அவர் என்னை ஏசவில்லை. பேப்பரை முதல் பக்கத்திலிருந்து திரும்ப வாசிக்கத் தொடங்கினார். பொழுது சாயும் நேரம் குதிரை வந்து அவருடைய தொப்பியை மணந்து பார்த்தது. அவர் புண்ணைக் கழுவிக் கட்டியபோது, கயிறு இல்லாமல், காலைத் தூக்கிக் கொடுத்துக்கொண்டு நின்றது. வள்ளம் எப்போதோ போயிருந்தது.

அவரை எல்லாருக்கும் பிடிக்கும் என்று சொன்னால் பொய். கலியாண வீட்டில் அவருக்குப் பக்கத்துக் கதிரை எப்போதும் காலியாகத்தான் கிடக்கும். அவர் இருக்கிற இடத்தில் ஒருவரைப் பற்றியும் நிம்மதியாகக் குறைசொல்ல ஏலாது. ஒருநாள் சங்கக்கடை வரிசையில் நின்ற ஒரு பெண் என்னைக் கண்டபடி பேசிவிட்டுச் சீனி வாங்காமலே போனாள். “பாத்தீங்களே டொக்டர், விசரி,” என்றேன். அவரும் அதே வரிசையில் கூப்பனோடு நின்றவர்.

“அதுக்கு முன்னம் நீர் என்ன சொன்னனீர்?”

“ஒரு பகிடி விட்டனான்.”

“ஆருக்குப் பகிடி?”

வரிசை முழுவதும் என்னைப் பார்த்தது. நான் தராசைத் துடைத்தேன். அன்று பின்னேரம் முழுக்க அந்தக் கேள்வி கடைக்குள் சீனிச் சாக்கை மொய்க்கிற இலையான் மாதிரிச் சுற்றிக்கொண்டிருந்தது. சரியாகக் கேட்கிற மனிதர்களோடு வாழ்வது சுகமான காரியம் அல்ல.

இனி, பயில்வான்.

பயில்வான் சங்கக்கடை நாய். பெயரைக் கேட்டுவிட்டு ஆளைப் பார்த்தால் சிரிப்பு வரும். விலா எலும்பு வெளியே தெரிகிற ஒரு மண்ணிற நாய். ஒருவருக்கும் சொந்தமில்லை. காலையில் கடை திறந்ததும் உடைந்த பிஸ்கற் ஒன்றை என் கையால் வாங்கித் தின்னும். பிறகு நாள் முழுக்கச் சாக்கில் படுத்திருக்கும். வரிசையில் நிற்கிறவர்கள் தாண்டிப் போவார்கள். வாலை மிதித்தால்கூட மன்னிப்புக் கேட்பது மாதிரிப் பார்க்கிற சாது.

ஒரு காலை அது பிஸ்கற்றை மணந்து பார்த்துவிட்டு முகத்தைத் திருப்பியது. பிஸ்கற்றுக்கு ஊரே வரிசையில் நின்ற காலம். என் கடைப் பிஸ்கற்றை வேண்டாம் என்று சொன்ன முதல் சீவன் அது. எனக்கு ரோசம் வந்தது. குந்தியிருந்து, தாடையைப் பிடித்து வாயைத் திறந்து, பிஸ்கற்றை உள்ளே வைத்தேன். பெருவிரல் அடியில் பற்கள் இறங்கின. நான் கத்தினேன். நாயும் கத்திக்கொண்டு வாயால் வீணீர் ஒழுக றோட்டுக்கு ஓடியது.

எடை போடுகிற கந்தையாண்ணை பின்பக்கத்திலிருந்து வந்தபோது கண்டது இரண்டை மட்டுந்தான்: என் கையில் இரத்தம், நாயின் வாயில் நுரை. “விசர் நாய்,” என்று அவர் ஒருமுறைதான் சொன்னார். அது போதுமாக இருந்தது. கொஞ்ச நேரத்தில் பஸ் தரிப்பிடத்துக் கதையில் நாய் என்மேல் பாய்ந்தது. தபால் கந்தோரில் மூன்று பேரைக் கடித்தது. கோயிலடியில் நான் செத்துவிட்டேன். தடி பொல்லுகள் வந்தன. நாயோ, சுற்றிவிட்டுத் தானாகவே வந்து மா மூட்டை வைக்கிற பின்னறைக்குள் படுத்துக்கொண்டது. கந்தையாண்ணை கதவைச் சாத்தி, இரும்பு அலவாங்கோடு வாசலில் நின்றார்.

டொக்டர் வந்ததும் முதலில் நாயைப் பார்க்கவில்லை. என் கையைக் கிணற்றடிக்கு இழுத்துப்போய்ச் சவர்க்காரம் போட்டுக் கழுவத் தொடங்கினார். கழுவினார், கழுவினார், ஒரு முழுக்கட்டி கரைந்தது. பிறகு வாசலில் நின்றவர்களிடம் திரும்பினார்.

“கடிச்சதை ஆர் கண்டது?”

எல்லாரும் கண்டிருந்தார்கள்.

“கடிக்க முன்னம் ஆர் கண்டது?”

ஒருவருமில்லை. அவர் என்னைப் பார்த்தார்.

“நான் சும்மா நிண்டனான் டொக்டர்.”

“அதுக்கு முன்னம்?”

“பிஸ்கற் குடுத்தனான். தின்னேல்லை.”

“பேந்து?”

ஊர் முழுக்க நிற்கிறது. சொல்லத்தான் வேண்டும். “தீத்தினனான்,” என்றேன்.

கந்தையாண்ணை அலவாங்கைக் கீழே வைத்தார். “நாய்க்கோ?”

“பிள்ளையளுக்குத் தீத்துற மாதிரித்தான் அண்ணை.”

“என்ர பொடியனுக்கு நீர் ஒருநாள் ஒரு பிஸ்கற் சும்மா குடுத்திருப்பீரே?”

டொக்டர் இதற்கும் சிரிக்கவில்லை. “சாப்பாட்டை மாட்டன் எண்டது முதல். தாடையிலை கை பட்டாப் பிறகுதான் கடிச்சது,” என்று தனக்குள் சொல்வது மாதிரிச் சொன்னார். “ஆனா வீணி வடியுது. விசரிலையும் இப்பிடி வடியும்.” பிறகு பொல்லுகளைப் பார்த்தார். “ஒருவரும் தொடக்கூடாது. பத்து நாள் இந்த நாய் நல்லா இருந்தால் இவருக்கு ஒண்டும் வராது. இதை இப்ப அடிச்சுப்போட்டால் எங்களுக்கு ஒண்டும் தெரியாமல் போகும். கடைசி ஊசி வரைக்கும் இவர் குத்து வாங்க வேணும்.” என்னிடம் திரும்பி, “நீர் இப்பவே ஆஸ்பத்திரிக்குப் போம். நாயைப் பாத்துக்கொண்டு ஊசியைப் பிற்போடேலாது,” என்றார்.

கடித்தது கையை, குத்தியது வயிற்றை. தொப்புளைச் சுற்றி, ஒவ்வொரு நாளும் ஒவ்வொரு இடத்தில், பெரிய ஊசி. முதல் நாள் நான் போட்ட சத்தத்தில் வரிசையில் நின்ற இரண்டு பேர் வீட்டுக்குப் போய்விட்டார்களாம். அன்றைக்குப் பிறகு உலகத்தில் பயில்வானுடைய ஆரோக்கியத்தில் என்னைப்போல அக்கறை கொண்டவன் எவனும் இருந்திருக்கமாட்டான். காலையில் ஊசி, அடுத்த பஸ்ஸில் நேரே பின்னறை யன்னல். நாய் மூச்சு விடுகிறதா? தலையைத் தூக்குகிறதா?

“என்னை இப்பிடி ஒருநாளும் கேட்டதில்லை,” என்றாள் பரிமளம். “நானும் ஒருக்கால் கடிச்சுப் பாத்திருக்கலாம்.”

டொக்டர் அந்தக் கம்பி யன்னலுக்கு வெளியே வெறும் பெட்டி ஒன்றைப் போட்டு இருந்துவிட்டார். மற்ற ஊர்களுக்குப் போய்விட்டு வந்து திரும்பவும் இருப்பார். ஒரு தடியை உள்ளே நீட்டுவார்; நாய் அதைக் கவ்வவில்லை, ஒரு பக்கத்து முகத்தை மட்டும் விலக்கிக்கொண்டது. பெயர் சொன்னால் வாலை ஆட்டியது. அடிக்கடி முன்னங்காலால் வாயை வழித்தது, எப்போதும் இடக்கால், எப்போதும் ஒரே பக்கம். தண்ணீர்ச் சட்டிக்குப் போகும், நக்கும், அனுங்கிக்கொண்டு திரும்பும்.

“அப்ப விசர் இல்லைத்தானே?” என்றேன்.

“விசரிலையும் தொடக்கத்திலை வால் ஆட்டும்.”

இந்த மனிதர் எனக்கு ஒரு ஆறுதலாவது சொல்லக்கூடாதா என்று இருந்தது. அவர் கந்தையாண்ணையைக் கூப்பிட்டார்.

“கடிச்சதுக்கு முதல் நாள் நாய் எங்கை நிண்டது?”

“இஞ்சைதான். மத்தியானம் என்னோடை கிணத்தடியிலை நிண்டது.”

“நீர் கிணத்தடியிலை என்ன செய்தனீர்?”

“மீன் வெட்டினனான். கெளிறு.”

“அதுக்கு முன்னம் நாய்க்கு ஒண்டும் இல்லை?”

“ஒண்டும் இல்லை. துள்ளிக்கொண்டு நிண்டது. தலையை எறிஞ்சனான், கவ்விக்கொண்டு...” கந்தையாண்ணை அந்த இடத்தில் நின்றார். கெளிற்றின் தலைக்குப் பின்னால் இருக்கிற முள் வாள் மாதிரிப் பல் வைத்தது. மீனவர் கையில் ஏறினாலே வெட்டித்தான் எடுக்க வேண்டும். அவர் தன் கையை ஒருமுறை பார்த்துக்கொண்டார். “முள்ளோடைதான் எறிஞ்சனான் டொக்டர்,” என்றார் மெல்ல. அலவாங்கு அன்று பின்னேரமே அதன் பழைய மூலைக்குப் போய்விட்டது.

மூன்றாம் நாள் நாய் எழும்பவில்லை. பத்து நாள் பார்த்திருப்பதுதான் ஒழுங்கு என்பது டொக்டருக்குத் தெரியும். வாயில் ஏதோ சிக்கிய நாய் மாதிரி விசர்நாயும் தோன்றும், அதை நம்பி வாய்க்குள் கை விட்டுச் செத்தவர்கள் உண்டு என்று படிக்கிற காலத்திலேயே சொல்லிக் கொடுப்பார்களாம். ஆனால் பத்து நாளைக்குத் தண்ணீர் இல்லாமல் நாய் இராது. அது செத்தால் முள்ளால் செத்ததா விசரால் செத்ததா என்று ஊர் கேட்கப்போவதில்லை. தீவிலுள்ள மற்ற நாய்களுக்கும் பொல்லு வரும்.

“ஒரு ஆள் வேணும், கயிறு பிடிக்க,” என்றார்.

எல்லாரும் யோசித்தார்கள். அவர் என்னைப் பார்த்தார்.

“உமக்குத்தான் ஏற்கெனவே ஊசி போகுது. நீர்தான் பொருத்தம்.”

என் வாழ்க்கையில் ஒரு தகுதியின் பேரில் எனக்குக் கிடைத்த ஒரே வேலை அது.

கூட்டத்தை றோட்டுக்கு அப்பால் அனுப்பினார். கதவைத் திறந்து, வழக்கம்போலப் பக்கவாட்டில் போய், நாயின் நோகாத பக்கத்தில் குந்தி, நெடுநேரம் ஒன்றும் செய்யாமல் இருந்தார். நாய் தன் தலையை அவருடைய பாதத்தில் வைத்தது. அதன் பிறகுதான் சாக்கைச் சுற்றினார். கடைவாயில் ஒரு கட்டையைச் செருகினார். நான் கண்ணை மூடிக்கொண்டு கயிற்றைப் பிடித்தேன். திறந்தபோது அவருடைய கைக்குறடு மேல்வாய்க்குள் இருந்தது. தடித்த கையுறையின் ஒரு விரல் கிழிந்திருந்தது. ஒரு இழுப்பு. நாய் வீரிட்டது. பிறகு தண்ணீர்ச் சட்டிக்குள் தலையை விட்டது. சட்டி காலியாகும்வரை எடுக்கவில்லை.

வெளியே ஊர் ஆரவாரப்பட்டது. முள்ளைக் கையில் வாங்கி எல்லாரும் பார்க்க ஆசைப்பட்டார்கள். டொக்டர் அதைக் கொடுக்காமல் தாளில் சுற்றிக்கொண்டு கிணற்றடிக்குப் போனார். அங்கே தனியே நின்று சவர்க்காரம் போட்டுக் கையைக் கழுவிக்கொண்டிருந்தார், அன்றைக்கு என் கையைக் கழுவிய மாதிரி. சுத்தமான மனிதர் என்று நினைத்துக்கொண்டேன்.

பத்து நாளும் கடந்தன. பயில்வானுக்கு ஒரு விசரும் இல்லை. அதற்குப் பிறகும் பல வருடம் சாக்கில் படுத்திருந்தது. ஆனால் டொக்டரை நினைத்தால் எனக்கு முன்னால் வருவது முள்ளெடுத்த மறுநாள் காலை.

ஊசி போடுகிற அறைக்கு வெளியே கிடந்த நீள மர வாங்கில் டொக்டர் இருந்தார். நாயைப் பற்றி அறிக்கை கொடுக்க வந்திருக்கிறார் என்று எண்ணிப் பக்கத்தில் இருந்தேன். அவருடைய ஒரு விரலில் கட்டு. சேட்டின் கீழ்த் தெறிகளை ஒவ்வொன்றாகக் கழற்றிக்கொண்டிருந்தார்.

“நீங்கள் ஏன் டொக்டர் இஞ்சை?”

“முள்ளு கீறிப்போட்டுது. வீணி பட்ட முள்ளு.”

“விசர் இல்லை எண்டு தெரிஞ்சுதானே கையை விட்டனீங்கள்?”

“ஆர் சொன்னது தெரியுமெண்டு?”

“முள்ளு இருந்ததே.”

“முள்ளு இருந்தது. முள்ளு இருக்கிற நாய்க்கு விசர் வரக்கூடாது எண்டு ஒரு சட்டமும் இல்லை.”

“அப்ப ஏன்...”

“பாத்த அளவிலை முள்ளாத்தான் இருக்க வேணும் எண்டு பட்டது. பட்டதை நம்பி நாய்க்குச் செய்யிறதைச் செய்தன். பட்டது பிழைச்சால் எண்டு எனக்குச் செய்யிறதை இஞ்சை செய்யிறன்.” தெறியைப் பார்த்துக்கொண்டே சொன்னார்.

உள்ளேயிருந்து ஊசி போடுகிற மிஸ்ஸி ‘அடுத்த ஆள்’ என்றாள். முறை என்னுடையது. என் முகத்தில் எதைக் கண்டாரோ, “நீர் இரும், நான் போறன்,” என்று எழும்பிப் போனார். கதவு சாத்தப்பட்டது. குதிரை நெருங்கி வந்தபோது மூச்சைக்கூட அடக்கி இருந்த அந்த மனிதரிடமிருந்து, என்னுடையதைவிடப் பெரிதாக, “ஐயோ என்ர அம்மா,” என்று ஒரு சத்தம் வந்தது. வாங்கில் இருந்தவர்கள் கதவைப் பார்த்தார்கள். பிறகு என்னைப் பார்த்தார்கள். இந்த முறை நான் இல்லை என்று கையைக் காட்டினேன்.

அவர் வெளியே வந்து, தெறிகளைப் பிழையான ஓட்டைகளில் பூட்டிக்கொண்டு, என் பக்கத்தில் இருந்தார். கண் கலங்கியிருந்தது.

“சரியா நோகுது,” என்றார்.

“ஓம்,” என்றேன். வாயில் நாலு பகிடி வந்து நின்றன. ஒன்றையும் விடவில்லை. என் முறைக்கு எழும்பினேன்.